பிரேக் லைட் அணையவே மாட்டேங்குது: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பிரேக்கைத் தொடாமலே காருக்குப் பின்னால் சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருப்பதைப் பார்த்துவிட்டு என்னிடம் கேட்பவர்கள், அநேகமாக ஒரே சந்தேகங்களைத்தான் கேட்கிறார்கள். அவர்கள் கேட்ட விதத்திலேயே இங்கே எழுதி, பதிலையும் சேர்த்திருக்கிறேன். புதுப் பாகம் எதையும் வாங்குவதற்கு முன் முதல் ஐந்து கேள்விகளையாவது படித்துவிடுங்கள். பெரும்பாலான வண்டிகளில் கோளாறு அதற்குள்ளேயே அகப்பட்டுவிடும்.

எரியுறது பிரேக் லைட்டா, டெயில் லைட்டான்னே தெரியலை. எப்படிக் கண்டுபிடிக்கிறது?

எல்லா விளக்கு சுவிட்சுகளையும் அணைத்துவிட்டு, பெடலிலிருந்து காலை எடுத்துவிட்டு, இறங்கிப் பின்னால் போய்ப் பாருங்கள். பின்கண்ணாடி ஓரத்திலோ டிக்கி மூடியிலோ நடுவில் ஒரு மூன்றாவது விளக்கு இருக்கும். அமெரிக்காவில் 1986 மாடல் கார்களிலிருந்து அது கட்டாயம். பிறகு மற்ற நாடுகளிலும் வழக்கமாகிவிட்டது. பொதுவாக, பிரேக் போடுவதைக் காட்டுவது தவிர அதற்கு வேறு வேலை கிடையாது. ஆகவே நடுவிளக்கும் எரிந்தால் கோளாறு பிரேக் லைட் மின்சுற்றில் இருக்கிறது.

நடுவிளக்கு அணைந்திருந்து பக்கத்து விளக்குகள் மட்டும் மங்கலாக எரிந்தால் அவை டெயில் அல்லது பார்க்கிங் லைட். சில ஐரோப்பிய கார்களில் வண்டியை நிறுத்திய பின் இண்டிகேட்டர் தண்டு ஒரு பக்கம் தள்ளியிருந்தால் அந்தப் பக்கத்துப் பார்க்கிங் லைட் எரிந்துகொண்டே இருக்கும். அது கோளாறு இல்லை. தண்டை நடுவுக்குக் கொண்டுவந்தால் அணைந்துவிடும்.

வண்டி நல்லாத்தானே ஓடுது. அவசரமா பார்க்கணுமா?

அவசரம்தான். எப்போதும் எரியும் பிரேக் லைட், எரியாத பிரேக் லைட்டுக்குச் சமம். பின்னால் வருபவர் உங்கள் விளக்கு சிவப்பாக இருக்கிறதா என்று பார்ப்பதில்லை, சிவப்பாக மாறுகிறதா என்றுதான் பார்க்கிறார். மாற்றமே இல்லாவிட்டால் நீங்கள் திடீரென்று நிறுத்தும்போது அவருக்கு எந்தத் தகவலும் போகாது. "எரியத்தானே செய்யுது" என்று வாரக்கணக்கில் ஓட்டுபவர்களிடம் நான் முதலில் சொல்வது இதைத்தான்.

இன்னொன்றும் உண்டு. பல்பு எரிந்துபோன வண்டியில் மற்ற இரண்டு விளக்குகளாவது வேலை செய்யும். இந்தக் கோளாறில் மூன்றுமே சேர்ந்து பொய் சொல்கின்றன.

சாவியை எடுத்துட்டேன், கதவையும் பூட்டிட்டேன். அப்பவும் எரியுதே, எப்படி?

பல கார்களில் பிரேக் லைட் சுற்றுக்கு பேட்டரியிலிருந்து நேராக மின்சாரம் வருகிறது. இக்னிஷன் சுவிட்ச் வழியாக வருவதில்லை. இன்ஜின் அணைந்த வண்டியை இழுத்துச் செல்லும்போதும் பிரேக் லைட் எரிய வேண்டும் என்பதால் அப்படி வைத்திருக்கிறார்கள்.

அதனால் அடுத்த நாள் காலையில் செல்ஃப் எடுக்காது. கணக்கு எளிது: சாதாரண பிரேக் பல்பு ஒன்று 21 வாட். மூன்றும் அப்படியே இருந்தால் 63 வாட், 12 வோல்ட்டில் சுமார் 5 ஆம்பியர். 45 ஆம்பியர்-மணி பேட்டரி முழு சார்ஜில் இருந்தாலும் ஒன்பது மணி நேரத்துக்குள் காலியாகிவிடும். செல்ஃப் எடுக்கும் தெம்பு அதற்கும் வெகு முன்பே போய்விடும். எல்இடி விளக்குகள் குறைவாகவே இழுக்கும். ஆனால் பிரேக் சிக்னல் வந்துகொண்டே இருந்தால் சில கார்களின் கணினிகள் உறக்க நிலைக்குப் போகாமல் விழித்திருந்து, அவை தனியாக பேட்டரியை உறிஞ்சும். சரிசெய்யும் வரை இரவில் பேட்டரியின் நெகட்டிவ் டெர்மினலைக் கழற்றி வையுங்கள், அல்லது பிரேக் லைட் ஃபியூஸை எடுத்து வையுங்கள்.

முதல்ல எங்கே பார்க்கணும்? பின்னால லைட்டையா?

இல்லை. டிரைவர் பக்கம் ஸ்டியரிங்குக்குக் கீழே, பிரேக் பெடலின் தண்டு மேலே போய்ச் சேரும் இடத்தைப் பாருங்கள். டார்ச்சைப் பிடித்து, தலையைக் கீழே கொண்டுபோனால் தெரியும். அங்கே கட்டைவிரல் அளவில் ஒரு சுவிட்ச் இருக்கும். அதன் நுனியில் பிளஞ்சர் எனும், ஸ்பிரிங் வைத்த சிறு முளை ஒன்று நீட்டிக்கொண்டிருக்கும்.

இந்த சுவிட்ச் வேலை செய்யும் விதம் பலர் நினைப்பதற்கு நேர்மாறானது. பெடலை மிதித்தால் சுவிட்ச் அமுங்குகிறது என்றுதான் எல்லோரும் நினைக்கிறார்கள். பெரும்பாலான கார்களில் பெடல் சும்மா இருக்கும்போதுதான் அதன் தண்டு பிளஞ்சரை அமுக்கிப் பிடித்திருக்கிறது, விளக்கு அணைந்திருக்கிறது. மிதித்தால் தண்டு விலகும், பிளஞ்சர் வெளியே வரும், விளக்கு எரியும். எனவே தண்டுக்கும் பிளஞ்சருக்கும் இடையில் எந்தக் காரணத்தாலாவது இடைவெளி விழுந்துவிட்டால், காரைப் பொறுத்தவரை நீங்கள் எப்போதும் பிரேக் மிதித்துக்கொண்டிருப்பதாகவே அர்த்தம்.

இதைத் தெரிந்துகொண்டால் முதல் சோதனைக்குக் கருவியே வேண்டாம். காலை பெடலுக்கு அடியில் கொடுத்து மெதுவாக மேலே தூக்குங்கள். இன்னொருவர் பின்னால் நின்று பார்க்கட்டும். விளக்கு அணைந்தால் பெடல் முழுதாக மேலே வரவில்லை, அல்லது சுவிட்சின் அட்ஜஸ்ட்மென்ட் நழுவியிருக்கிறது. அணையாவிட்டால் பிளஞ்சரை விரலால் அமுக்குங்கள். இப்போது அணைந்தால் சுவிட்ச் நன்றாக இருக்கிறது, அதை அமுக்க வேண்டிய பொருள்தான் இல்லை.

பெடலுக்குக் கீழே தரை விரிப்புல உடைஞ்ச பிளாஸ்டிக் துணுக்கு கிடக்குது. அதுக்கும் இதுக்கும் சம்பந்தம் இருக்கா?

இருக்கிறது, அதைக் கூட்டித் தள்ளிவிடாதீர்கள். பெடல் தண்டில், பிளஞ்சர் முட்டும் இடத்தில் ஒரு துளை இருக்கும். அந்தத் துளையை அடைத்தபடி ரப்பரிலோ பிளாஸ்டிக்கிலோ சட்டைப் பொத்தான் அளவுக்கு ஒரு ஸ்டாப்பர் பொருத்தப்பட்டிருக்கும். வெயிலும் வயதும் சேர்ந்து அது காய்ந்து, பொடிந்து, ஒருநாள் உதிர்ந்துவிடும். அதன்பின் பிளஞ்சர் அந்தத் துளைக்குள் நேராகப் புகுந்துவிடுகிறது. அமுக்க யாரும் இல்லாததால் விளக்கு எரிந்துகொண்டே இருக்கிறது.

பழைய ஹோண்டா, நிஸான், ஹூண்டாய், கியா கார்களில் இது மிகவும் பரிச்சயமான கோளாறு. 2015 இறுதியில் ஹூண்டாய் நிறுவனம் அமெரிக்காவில் 2011, 2012 மாடல் சொனாட்டா கார்கள் சுமார் 3 லட்சத்தைத் திரும்ப அழைத்தது இந்தச் சின்ன ஸ்டாப்பருக்காகத்தான். அது பொடிந்தால் பிரேக் லைட் அணையாது என்பதோடு, பிரேக்கை மிதிக்காமலே ஆட்டோமேட்டிக் கியரை பார்க் (P) நிலையிலிருந்து எடுக்க முடியும் என்பதும் அதற்குக் காரணம்.

சரிசெய்வது எளிது. வண்டியின் மாடலைச் சொல்லி ஸ்டாப்பரை வாங்கி, பெடலைக் கையால் அமுக்கிப் பிடித்துக்கொண்டு, துளைக்குள் அழுத்தினால் உட்கார்ந்துவிடும். கிளட்ச் பெடலிலும் இதே மாதிரி ஒன்று இருக்கக்கூடும். ஒன்று உதிர்ந்திருந்தால் மற்றதற்கும் அதே வயதுதான், சேர்த்தே மாற்றிவிடுங்கள்.

ஸ்டாப்பர் கைக்கு வர ரெண்டு நாள் ஆகும். அதுவரைக்கும் என்ன பண்றது?

துளைக்குச் சரியாகப் பொருந்தும் ஒரு சிறிய போல்ட்டை, தட்டையான தலை பிளஞ்சரின் பக்கம் இருக்கும்படி நுழைத்து, மறுபக்கம் நட் போட்டு இறுக்குங்கள். நட் கழன்று விழாமல் வாஷரும் போடுங்கள். பெடலைப் பலமுறை மிதித்து, எதிலும் உரசவில்லை என்று பார்த்த பிறகே ஓட்டுங்கள்.

டேப் ஒட்டுவது, நாணயத்தைப் பசை போட்டு ஒட்டுவது போன்ற வேலைகள் வேண்டாம். அவை விழும் இடம் பிரேக் பெடலின் அடி. பெடலுக்கு அடியில் எதுவும் உருளக்கூடாது.

ஸ்டாப்பர் நல்லா இருக்கு. அப்போ சுவிட்ச் போயிடுச்சுன்னு வச்சுக்கலாமா?

அவசரப்படாதீர்கள். சுவிட்சின் கனெக்டரைக் கழற்றிப் பாருங்கள். விளக்கு அணைந்தால் சந்தேகம் சுவிட்ச் மீதும் அதன் அட்ஜஸ்ட்மென்ட் மீதும் மட்டும்தான். அணையாவிட்டால் கோளாறு வயரிங்கில். அதற்குத் தனிக் கேள்வி கீழே இருக்கிறது. இதில் ஒரு விதிவிலக்கைச் சொல்ல வேண்டும்: சில புதிய கார்களில் கனெக்டரைக் கழற்றினாலே கணினி தற்காப்பாக பிரேக் லைட்டை எரியவிடும். அப்படிப்பட்ட வண்டியில் இந்தச் சோதனையை நம்ப முடியாது, காரின் கணினியைப் படிக்கும் ஸ்கேனர்தான் வேண்டும்.

சுவிட்சைக் கையில் எடுத்துவிட்டால் மல்டிமீட்டரில் கன்டினியூட்டி (மின்சாரம் போக வழி இருந்தால் பீப் சத்தம் வரும் சோதனை) பாருங்கள். இரண்டு பின் உள்ள சுவிட்சில், பிளஞ்சரை அமுக்கினால் சத்தம் நிற்க வேண்டும், விட்டால் வர வேண்டும். அமுக்கியும் சத்தம் வந்துகொண்டே இருந்தால் உள்ளே கான்டாக்ட் ஒட்டிக்கொண்டுவிட்டது. ரிலே எனும் இடை சுவிட்ச் இல்லாமல் முழுக் கரண்டும் சுவிட்ச் வழியாகவே போகும் வண்டிகளில், அதிக வாட் பல்பு மாட்டினால் இப்படி ஆவதுண்டு. நான்கு பின் உள்ள சுவிட்சில் ஒரு ஜோடி விளக்குக்கு, இன்னொரு ஜோடி கணினிக்கு. அநேகமாக ஒன்று மூடும்போது மற்றொன்று திறக்கும். அதைக் கெட்டுப்போன சுவிட்ச் என்று நினைத்துத் தூக்கிப் போட்டவர்கள் உண்டு.

புது சுவிட்ச் மாட்டியும் எரியுது. கடைக்காரர் டூப்ளிகேட் கொடுத்துட்டாரா?

அப்படியும் இருக்கலாம், ஆனால் முதலில் மாட்டிய விதத்தைப் பாருங்கள். மரை போட்ட உடலும் லாக் நட்டும் உள்ள சுவிட்சை, நட்டைத் தளர்த்தி, பெடலை நோக்கிச் சிறிது சிறிதாகத் திருகிக் கொண்டுவர வேண்டும். விளக்கு அணையும் இடத்தைத் தாண்டி இன்னும் கொஞ்சம் போக வேண்டும், ஆனால் சுவிட்சின் உடல் தண்டில் முட்டக்கூடாது. எத்தனை மில்லிமீட்டர் இடைவெளி என்பது மாடலின் கையேட்டில் இருக்கும். பெரும்பாலும் ஒரு மில்லிமீட்டரைச் சுற்றித்தான் இருக்கும்.

இங்கேதான் ஆபத்தான தவறு நடக்கிறது. விளக்கு அணைய வேண்டும் என்ற ஆவலில் சுவிட்சை அளவுக்கு மீறித் திருகிவிட்டால், அது பெடலையே கொஞ்சம் கீழே தள்ளிப் பிடித்துக்கொள்ளும். லேசாக பிரேக் மிதித்தபடி ஓட்டுவதற்கும் அதற்கும் வித்தியாசம் இல்லை. பிரேக் பேட் தேயும், சக்கரம் சூடாகும், மோசமானால் பிரேக் ஆயில் கொதித்துப் பெடல் தரைவரை போகும். அட்ஜஸ்ட் செய்த பிறகு பெடலில் முன்பிருந்த சிறிய ஃப்ரீ பிளே (பிரேக் பிடிக்குமுன் சும்மா அமுங்கும் தூரம்) அப்படியே இருக்கிறதா என்று விரலால் தொட்டுப் பார்ப்பது கட்டாயம்.

மரை இல்லாமல், நுழைத்துக் கால் சுற்று திருப்பிப் பூட்டும் வகை சுவிட்சுகளில் பல, பொருத்தும்போது தானே அட்ஜஸ்ட் ஆகிக்கொள்ளும். பெடலை மிதித்துக்கொண்டு மாட்டுவதா, விட்டுவிட்டு மாட்டுவதா என்பது வண்டிக்கு வண்டி மாறும். சிலவற்றை ஒருமுறைதான் அட்ஜஸ்ட் செய்ய முடியும். கழற்றினால் புதிதுதான் போட வேண்டும். இன்னொன்று: சுவிட்சை எட்டுவதற்காக ஸ்டியரிங்குக்குக் கீழுள்ள பேனலைக் கழற்றுவதற்கு முன், உங்கள் வண்டியில் முழங்கால் ஏர்பேக் இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் அந்த வேலையைப் பழகிய மெக்கானிக்கிடம் விடுங்கள்.

காலால தூக்கினா அணையுது, விட்டா மறுபடி எரியுது. பெடல் ஏன் முழுசா மேல வரலை?

முதலில் தரை விரிப்பைப் பாருங்கள். ஒன்றின்மேல் ஒன்றாக இரண்டு மேட் போட்டிருந்தால் எடுத்துவிடுங்கள். அடுத்து பெடலின் ரிட்டர்ன் ஸ்பிரிங் இடத்தில் இருக்கிறதா, பெடல் ஆடும் பின்னில் துரு ஏறி இறுகியிருக்கிறதா என்று பாருங்கள். துரு என்றால் சுத்தம் செய்து கிரீஸ் வைத்தால் போதும். ஸ்பிரேயை அடிக்கும்போது சுவிட்சுக்குள் போகாமல் துணி வைத்து மறையுங்கள்.

சிறிது தூரம் ஓட்டிவிட்டு நிறுத்தி, ஒவ்வொரு சக்கரத்தின் அருகிலும் கையைக் கொண்டுபோங்கள். தொட வேண்டாம், சூடு தானே தெரியும். வழக்கத்துக்கு மீறிய சூடோ கருகிய வாடையோ இருந்தால் இது விளக்குக் கோளாறே இல்லை. பெடலின் அழுத்தத்தைப் பிரேக்குக்குக் கடத்தும் பூஸ்டரின் புஷ் ராடோ மாஸ்டர் சிலிண்டரோ பிரேக்கை விடாமல் பிடித்திருக்கிறது. விளக்கு எரிவது உண்மையைத்தான் சொல்கிறது. அந்த வண்டியை ஓட்டிக்கொண்டு போகாதீர்கள், மெக்கானிக்கை வரவழையுங்கள்.

ஃபியூஸைப் பிடுங்கிட்டு ஒரு வாரம் ஓட்டலாமா?

கூடாது. நிறுத்தி வைக்கும்போது பேட்டரியைக் காப்பாற்ற மட்டும்தான் அது. ஓட்டும்போது பிரேக் லைட்டே இல்லாமல் போகும். சில வண்டிகளில் அதே ஃபியூஸில் ஹாரனும் சேர்ந்திருக்கும், அதுவும் போய்விடும்.

கனெக்டரைக் கழட்டினாலும் எரியுது. இப்போ எங்கே தேடுறது?

சுவிட்சுக்கும் விளக்குக்கும் நடுவில், எங்கோ வேறொரு வழியாக மின்சாரம் நுழைகிறது. ரிலே உள்ள வண்டியென்றால் அதைக் கழற்றுங்கள். கழற்றியதும் அணைந்தால், அதே எண் கொண்ட இன்னொரு ரிலேயைப் பக்கத்திலிருந்து மாற்றிப் போட்டுப் பாருங்கள். அதன் பிறகும் எரிந்தால் ரிலேக்குச் சிக்னல் கொடுக்கும் ஒயரைத்தான் தேட வேண்டும்.

அடுத்த இடம் டிக்கி மூடியின் கீல். மூடியைத் திறந்து மூடும் ஒவ்வொரு முறையும் அங்கே ஒயர் கட்டு மடங்குகிறது. வருடக்கணக்கில் மடங்கினால் மேலுறை வெடித்து, எப்போதும் மின்சாரம் உள்ள ஒயர் பிரேக் லைட் ஒயரைத் தொட்டுவிடும். ரப்பர் குழாயை ஒரு பக்கம் கழற்றி, ஒயர்களை ஒவ்வொன்றாக விரலால் தடவிப் பாருங்கள். டிரெய்லர் இழுக்கும் சாக்கெட் இருந்தால் அதில் தண்ணீர் புகுந்து பின்கள் பச்சை பிடித்திருக்கிறதா என்றும் பாருங்கள். அதன் கனெக்டரைப் பிரித்துவிட்டுச் சோதித்தால் தெரிந்துவிடும். வெளிக்கடையில் மாட்டிய ரிவர்ஸ் கேமரா, அலங்கார விளக்கு, அலாரம் எதுவாக இருந்தாலும் முதல் சந்தேகத்தை அதன் மீதே வையுங்கள்.

ஹெட்லைட் போட்டா மட்டும் பிரேக் லைட்டும் சேர்ந்து மங்கலா எரியுது. இது வேற கோளாறா?

வேறுதான். பெடல் பக்கம் போகவே வேண்டாம். டெயில் லைட்டும் பிரேக் லைட்டும் ஒரே பல்புக்குள் இருக்கும் வண்டிகளில் பல்பு 21/5 வாட், இரண்டு இழை உள்ளது. அந்த ஹோல்டரின் எர்த் துருப்பிடித்தால், டெயில் லைட்டுக்கு வந்த மின்சாரம் திரும்பிப் போக வழியில்லாமல் பிரேக் இழை வழியாகப் புகுந்து வேறு எர்த்தைத் தேடும். ஹோல்டரையும் எர்த் போல்ட்டையும் உப்புத்தாள் போட்டுத் தேய்த்துச் சுத்தம் செய்யுங்கள்.

சரியாகிவிடவில்லை என்றால் பல்பைக் கழற்றிப் பாருங்கள். ஓர் இழை அறுந்து மற்றதன்மேல் விழுந்து ஒட்டியிருக்கலாம். அல்லது யாரோ ஒற்றை இழை பல்பைக் கட்டாயப்படுத்தி மாட்டியிருக்கலாம். அதன் ஒரே கான்டாக்ட் ஹோல்டரின் இரண்டு முனைகளையும் இணைத்துவிடும். இரட்டை இழை பல்பின் பக்கப் பின்கள் ஒரே உயரத்தில் இல்லாமல் ஏறி இறங்கி இருப்பதே தவறாக மாட்டக்கூடாது என்பதற்காகத்தான்.

எல்இடி பல்பு மாத்தின பிறகு, அணைச்சாலும் லேசா ஒளி தெரியுது. ஆபத்தா?

பல்பு போயிருக்கிறதா என்று சோதிக்க சில கார்களின் கணினி மிகச்சிறிய மின்துடிப்புகளை அனுப்பிக்கொண்டிருக்கும். இழை பல்பு அதற்கு எரியாது, எல்இடி எரிந்துவிடும். அந்தக் காருக்கென்றே தயாரான எல்இடியைப் போடுங்கள், அல்லது பழைய பல்புக்கே திரும்புங்கள். கூடுதலாக ரெசிஸ்டர் மாட்டினாலும் ஒளி நிற்கும். ஆனால் அது கடுமையாகச் சூடாகும், பிளாஸ்டிக்கின் மீது வைத்தால் உருக்கிவிடும்.

பிரேக் மிதிக்காமலே கியர் பார்க்கில இருந்து வருது, க்ரூஸ் கன்ட்ரோல் வேலை செய்யலை. இதெல்லாம் சம்பந்தப்பட்டதா?

எல்லாமே ஒரே சிக்னல். நீங்கள் பிரேக் மிதித்திருப்பதாகக் கார் நம்புகிறது. அதனால் கியர் பூட்டு திறக்கிறது. பொத்தான் ஸ்டார்ட் வண்டி பெடல் தொடாமலே ஸ்டார்ட் ஆகலாம். வேகத்தை ஒரே அளவில் தானே பிடித்து வைக்கும் க்ரூஸ் கன்ட்ரோல் வேலை செய்ய மறுக்கிறது. சில வண்டிகளில் ஆக்சிலரேட்டரும் பிரேக்கும் சேர்ந்து அமுங்கியதாகக் கணக்கிட்டு இன்ஜினின் வேகத்தையே குறைத்துவிடும். ஸ்கேனரில் பி0504, பி0571, பி0703 ஆகிய பிழைக் குறியீடுகளில் ஏதாவது வந்தால் அவை மூன்றும் பிரேக் சுவிட்ச் சுற்றைத்தான் சுட்டுகின்றன. குறியீடு வந்தது என்பதற்காகக் கணினியை மாற்றச் சொன்னால் சம்மதிக்காதீர்கள். முதலில் ஸ்டாப்பர், பிறகு சுவிட்ச். குழந்தைகள் ஏறும் வண்டியென்றால், சரியாகும்வரை சாவியை உள்ளே விடவே வேண்டாம்.

என்னோடது எலக்ட்ரிக் கார். ஆக்சிலரேட்டரை விட்டாலே பிரேக் லைட் எரியுது. கோளாறா?

இல்லை. ஓட்டத்தின் ஆற்றலை மின்சாரமாக்கிப் பேட்டரிக்குத் திருப்பும் ரீஜென் முறையில் மோட்டாரே வண்டியை வேகம் குறைக்கிறது. பின்னால் வருபவருக்கு அது தெரிந்தாக வேண்டும். கார் பிரேக்குகளுக்கான ஐ.நா. விதிமுறை 13-எச்-இன்படி, இப்படி வேகம் குறைவது வினாடிக்கு வினாடி 1.3 மீட்டருக்கு மேல், அதாவது ஒவ்வொரு வினாடியும் மணிக்கு ஏறக்குறைய 4.7 கிலோமீட்டருக்கு மேல் இருந்தால் பிரேக் லைட் எரிந்தே ஆக வேண்டும். 0.7 அல்லது அதற்குக் கீழே எரியக்கூடாது. இடைப்பட்டதை நிறுவனம் தீர்மானித்துக்கொள்ளலாம். சிக்னலில் ஆட்டோ ஹோல்ட் (காலை எடுத்தாலும் பிரேக்கை விடாத வசதி) வண்டியைப் பிடித்திருக்கும்போது எரிவதும் இயல்பே. அணைத்துப் பூட்டிய பிறகும் எரிந்தால் மட்டும் கவலைப்படுங்கள்.

எப்பவாவதுதான் எரியுது. மெக்கானிக்கிட்ட கொண்டுபோனா அணைஞ்சுடுது. என்ன செய்ய?

விட்டு விட்டு வரும் கோளாறைப் பிடிக்க ஆதாரம் வேண்டும். இரவில் சுவரை ஒட்டிப் பின்பக்கமாக நிறுத்தினால் சிவப்பு ஒளி கண்ணாடியில் தெரியும். எரியும் நேரத்தில் வெயிலா, மழையா, மேடுபள்ளத்துக்குப் பிறகா என்று குறித்துவைத்து, செல்போனில் படமும் எடுத்துக்கொள்ளுங்கள். வெயிலில் மட்டும் வந்தால் சுவிட்ச், மழைக்குப் பின் மட்டும் வந்தால் டிக்கி ஒயர் அல்லது டிரெய்லர் சாக்கெட், குலுங்கினால் மட்டும் வந்தால் கனெக்டர் என்று தேடலைத் தொடங்கலாம்.

கனெக்டரைச் சாதாரணமாக நினைக்க வேண்டாம். 2014-இல் ஜெனரல் மோட்டார்ஸ் அமெரிக்காவில் ஷெவர்லே மாலிபு, பான்டியாக் ஜி6, சாட்டர்ன் ஆரா ஆகிய கார்களில் சுமார் 24 லட்சத்தைத் திரும்ப அழைத்தபோது, குற்றவாளி விளக்கு முதலியவற்றை இயக்கும் கணினியான பாடி கன்ட்ரோல் மாட்யூலின் இணைப்பில் மெல்ல வளர்ந்த அரிப்புதான். அதனால் மிதித்தபோது விளக்கு எரியாமலும் மிதிக்காதபோது எரிந்தும் வந்தது. உங்கள் வண்டியின் சேசிஸ் எண்ணைக் கொடுத்து இப்படி ஏதாவது திரும்ப அழைப்பு நிலுவையில் இருக்கிறதா என்று நிறுவனத்தின் சர்வீஸ் மையத்தில் கேளுங்கள். இருந்தால் வேலை பொதுவாக இலவசமாகவே முடியும். இல்லாவிட்டால் பேட்டரியைக் கழற்றிவிட்டு, சுவிட்ச் கனெக்டரைப் பிரித்து, எலக்ட்ரிகல் கிளீனர் அடித்து, காய்ந்ததும் அழுத்தி மாட்டுங்கள். அப்போதும் வந்தால் எலக்ட்ரீஷியனிடம் நீங்கள் எடுத்த படத்தையும் குறிப்பையும் சேர்த்துக் கொடுங்கள்.